டிராக்குக் குரல்

உக்காருங்க தம்பி, அது காலிதான். பையை நகத்தி வைக்கிறேன். நான் இந்த மூலையை விட்டு எழுந்திரிக்க முடியாது, போன் சார்ஜ்ல கிடக்கு பாருங்க. என் சம்சாரத்தோட போன். இந்த ஹால் முழுக்க ஒரே ஒரு பிளக்குதான் வேலை செய்யுது. எழுந்தா அடுத்தவன் சொருகிடுவான்.

பாத்த முகமா இருக்கா? சொல்லுங்க, எல்லாரும் அதைத்தான் சொல்வாங்க. ஆமா, புரோக்கர் புண்ணியகோடிதான். குடையைக் கக்கத்துல இடுக்கிக்கிட்டு, 'பொண்ணு சொக்கத் தங்கம், பல்லு மட்டும் வாசல் வரைக்கும் வந்து வரவேற்கும்'னு சொல்ற அந்த ஆளேதான். முப்பத்தெட்டு வருஷம் ஆச்சு, இன்னும் டிவியில போட்டுக்கிட்டே இருக்கான். காலையில மயக்க ஊசி போட வந்த டாக்டர் என் கூட நின்னு செல்பி எடுத்துக்கிட்டாரு. பல்லைக் காட்டினேன். வேற என்ன பண்றது?

ஆனா தம்பி, நான் நடிகன் இல்ல. மியூசிக் டைரக்டர். 'இசை: கலியபெருமாள்'னு டைட்டில்ல வரும். பத்தொம்பது படம். தெரியாதுல்ல? தெரியாது. பாட்டைச் சொன்னா, 'ஓ, அது நீங்களா'ம்பாங்க. அந்த 'நீங்களா'வுல ஒரு ஆச்சரியம் இருக்கும் பாருங்க, அதைத்தான் தாங்க முடியாது.

உங்களுக்கு யாரு உள்ள? அப்பாவா? நாக்குல கேன்சரா? நாக்குன்னா பரவாயில்ல தம்பி, பாதி எடுத்தாலும் ஏதோ குழறிக்கிட்டுப் பேசிடலாமாம். என் சம்சாரத்துக்குக் குரல்வளை. முழுசா எடுக்கறாங்க. இனிமே கழுத்துல ஓட்டை வழியாத்தான் மூச்சு. ஏழரைக்கு உள்ள கொண்டு போனாங்க. இப்ப மணி பத்தா? அப்ப இந்நேரம் எடுத்திருப்பாங்க.

அதான் இந்தப் போனைக் காவல் காத்துக்கிட்டிருக்கேன். இதுல அவ பாடின பாட்டு ஒண்ணு இருக்கணும். நேத்து சாயங்காலம் பதிஞ்சிருப்பான்னு ஒரு நம்பிக்கை. ராத்திரியே செத்துப் போச்சு போனு. காலையில நர்சம்மா அவ வளையல், தாலி எல்லாத்தையும் கர்சீப்புல முடிஞ்சி இதோட சேத்துக் குடுத்தாங்க. இதுல இல்லேன்னா, தையல்நாயகி பாடினான்னு சொல்றதுக்கு இந்த உலகத்துல ஒரு துண்டு ஒலி கிடையாது. அவ பேரு தையல்நாயகி. வைத்தீஸ்வரன் கோயில் பக்கம்.

நாக்கு ஆப்பரேஷன்னா அஞ்சு மணி நேரமாவது ஆகும் தம்பி. நீங்க நிதானமா இருங்க. சொல்றேன், கேளுங்க.

டிராக்குன்னா என்னன்னு தெரியுமா? பெரிய பாடகிங்க கால்ஷீட் உடனே கிடைக்காது. ஷூட்டிங் நிக்குமா? அதனால யாராவது ஒருத்தரை வச்சு பாட்டை முழுசா பாடி எடுத்துடுவோம். அதுதான் டிராக்கு. நடிகை அதுக்கு வாயசைச்சு நடிச்சிட்டுப் போயிடுவாங்க. அப்புறமா பெரிய பாடகி வந்து, ஹெட்போன்ல அந்த டிராக்கைக் கேட்டுக்கிட்டே மேல பாடுவாங்க. கீழ இருக்கறது அழிஞ்சிடும். அன்னைக்கெல்லாம் டேப்பு. டேப்புல இடம் கம்மி. ஒருத்தர் எழுந்தாத்தான் இன்னொருத்தர் உக்கார முடியும், இந்த ஹாலு மாதிரி.

என் படத்துல டிராக்கு பாடறது எப்பவும் தையல்தான். வெளி ஆளைக் கூப்பிட்டா போக்குவரத்து, சாப்பாடு, பேட்டான்னு ஆயிரம். இவ வீட்டுலேர்ந்து எனக்குச் சாப்பாடு கட்டிக்கிட்டே வந்துடுவா. முதல் படத்துலேர்ந்து ஏழு வருஷம், ஒரு நாப்பத்தஞ்சு பாட்டு இருக்கும். ஒரு தடவை சொன்னா போதும், பிடிச்சிக்குவா. சொல்லாததையும் பிடிச்சிக்குவா. நான் ஆர்மோனியத்துல ரெண்டு வரி போட்டுட்டு, மூணாவது வரி வராம முட்டிக்கிட்டு நிப்பேன். அடுப்பங்கரையிலேர்ந்து அவ மூணாவதை முணுமுணுத்துக்கிட்டே தாளிப்பா. 'ஆங், அதான் நான் நினைச்சது'ன்னு எழுதிக்குவேன். சும்மா ஒரு வீட்டுப் பழக்கம். கூடவே இருக்கறவளுக்கு என் பாணி தெரியாதா என்ன?

நடிப்பு எப்படி வந்துச்சுன்னா, என் வாயாலதான். மெட்டுச் சொல்லிக் காட்டறப்ப சும்மா சொல்ல மாட்டேன். கதாநாயகன் எங்க நிப்பான், கதாநாயகி எங்க திரும்புவா, எல்லாம் மூஞ்சியிலயே காட்டுவேன். மருதவாணன்னு ஒரு டைரக்டர், நல்ல மனுஷன், போய்ச் சேந்துட்டாரு. அவரு ஒரு நாள் மெட்டைக் கேக்காம என் மூஞ்சியையே பாத்துக்கிட்டிருந்தாரு. 'யோவ் கலியா, என் படத்துல ஒரு கல்யாணத் தரகர் இருக்கான், நீயே பண்ணிடுய்யா'ன்னாரு. சிரிச்சேன். வீட்டுக்கு வந்து தையல்கிட்ட சொன்னேன். 'வேணாங்க, உங்க பாட்டைக் கேக்கறவங்களுக்கு உங்க மூஞ்சி ஞாபகம் வரக் கூடாது'ன்னா. பொம்பளை புத்தின்னு நினைச்சேன். இன்னைக்கும் அப்படித்தான் நினைக்கிறேன், ஆனா அவ சொன்னது நடந்துடுச்சு.

அந்தப் படத்துல கதை என்னன்னா, ஊருக்கெல்லாம் வரன் பாத்துக் குடுக்கற தரகனுக்கு, வீட்டுல முப்பத்தஞ்சு வயசுல ஒரு தங்கச்சி கல்யாணம் ஆகாம இருப்பா. படம் பூரா காமெடி. ஒரே ஒரு இடம் மட்டும், தங்கச்சி பூ கட்டிக்கிட்டே தனக்குத்தானே பாடறா, இவன் செருப்பைக் கழட்டிட்டு உள்ள வர்றவன் வாசல் நிலையிலயே நின்னுடறான். அவ பாட்டு முடியற வரைக்கும் என் மூஞ்சி மட்டும்தான், பெருசா. என் வாழ்நாள்லயே நான் சிரிக்க வைக்காம நடிச்ச ஒரே ஷாட்டு அது.

அந்தப் பாட்டை வழக்கம் போல தையல் டிராக்கு பாடினா. எப்படிப் பாடினான்னு கேக்காதீங்க, சொல்ல வராது. ரெண்டாவது சரணத்துல ஒரு இடத்துல குரலைப் பாதியில விட்டுட்டு, ஒரு மூச்சு வாங்கிட்டு, மிச்சத்தைப் பேசற மாதிரி முடிச்சா. நான் சொல்லிக் குடுக்கல. புல்லாங்குழல் வாசிக்கறவரு வாத்தியத்தை மடியில வச்சிட்டுக் கண்ணைத் தொடைச்சிக்கிட்டாரு.

மருதவாணன் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் என் கூட நின்னுக்கிட்டிருந்தாரு. பாட்டு முடிஞ்சதும் என் தோளைப் பிடிச்சாரு. 'கலியா, இந்தக் குரலே இருக்கட்டும்யா. வேற யாரும் வேணாம். வீட்டுல பாடற மாதிரியே இருக்கு, என் கதைக்கு அதுதான்யா வேணும்'னாரு.

அன்னைக்கு நான் மட்டும் விட்டிருந்தா படம் கெட்டிருக்கும் தம்பி. டைரக்டருங்க சட்டுனு உருகிடுவாங்க, நாமதான் நிதானமா இருக்கணும். 'சார், டிராக்குக் குரலு கைகாட்டி மரம் மாதிரி. ஊரு எந்தப் பக்கம்னு காட்டும். அது மேல ஏறிக்கிட்டு ஊருக்குப் போக முடியுமா'ன்னேன். உள்ள இருந்த எல்லாரும் சிரிச்சாங்க. சிரிப்பு வந்தா நமக்கு நிறுத்தத் தெரியாதே. 'அதுவும் என் மூஞ்சி தியேட்டர் அகலத்துக்கு வர்றப்ப, பின்னாடி அடுப்பங்கரைக் குரல் கேட்டா, ஜனங்க குழம்பு வாசனை வருதுன்னு எழுந்து போயிடுவாங்க சார்'னேன். அதுக்கும் சிரிச்சாங்க. மருதவாணன் மட்டும் சிரிக்கல.

அப்பதான் கிளமென்ட்டு, சவுண்ட் இன்ஜினியரு, என் முழங்கையைத் தொட்டான். கண்ணாடிக்கு இந்தப் பக்கம் ஒரு சின்ன மைக்கு இருக்கும், உள்ள பாடறவங்ககிட்ட பேசறதுக்கு. 'சார், அது ஆன்ல இருக்கு'ன்னான்.

உள்ள தையல் ஹெட்போனை மாட்டிக்கிட்டு நின்னுக்கிட்டிருந்தா. கண்ணாடி வழியா என்னைத்தான் பாத்துக்கிட்டிருந்தா. கேட்டிருப்பாளோன்னு ஒரு நிமிஷம் பக்குன்னுச்சு. ஆனா அவ ஹெட்போனைக் கழட்டி ஆணியில மாட்டினா, பாட்டு எழுதின தாளை மடிச்சு எடுத்துக்கிட்டு வெளிய வந்தா. 'அந்தம்மா எப்பங்க வர்றாங்க? மூச்சு விடற இடமெல்லாம் குறிச்சு வச்சிருக்கேன், காட்டறேன்'னா. கேட்டிருந்தா இப்படியா பேசுவா? அழுதிருப்பா, சண்டை போட்டிருப்பா. அதனால கேட்டிருக்க மாட்டா. எத்தனையோ தடவை யோசிச்சுப் பாத்துட்டேன். கேட்டிருக்கவே மாட்டா.

சொன்ன மாதிரியே, பெரிய பாடகி வந்த அன்னைக்குப் பக்கத்துல உக்காந்து சொல்லிக் குடுத்தா. பேரு வேணாம், பெரிய இடம். அந்தக் குரல் நின்னு மூச்சு வாங்கற இடம் அவங்களுக்குப் பதினோரு தடவை வரல. பன்னெண்டாவது தடவை தையல் அவங்க கையைப் பிடிச்சு, எந்த இடத்துல விடணுமோ அந்த இடத்துல அழுத்தினா. வந்துடுச்சு. இன்னைக்கும் அந்தம்மா மேடையில சொல்லுவாங்க, 'இந்தப் பாட்டுல எனக்கு எங்கிருந்தோ ஒரு அழுகை வந்துச்சு'ன்னு. எங்கிருந்தும் வரல, தையல் கையிலேர்ந்து வந்துச்சு.

கிளமென்ட்டு அன்னைக்கு ஒண்ணு கேட்டான். 'சார், அக்கா பாடினதை அழிக்காம ஓரமா வச்சிக்கிறேனே, ஒரு இடம் காலியா இருக்கு'ன்னான். 'அந்த இடம் எனக்குக் கஞ்சிராவுக்கு வேணும்யா'ன்னேன். கஞ்சிரா நல்லாத்தான் விழுந்துச்சு. இப்பக் கேட்டாலும் தெரியும், ரெண்டாவது சரணத்துல வரும்.

அதோட சரி. அடுத்த படத்துக்குக் கூப்பிட்டப்ப, 'டிராக்குக்கு வேற ஆள் பாத்துக்கங்க, இந்துவைப் பள்ளிக்கூடத்துல விடணும்'னா. இந்து எங்க பொண்ணு, இந்துமதி, அப்ப ஆறு வயசு. சரி, புள்ளை முக்கியம்னு மெல்லிசைக் குழுவுலேர்ந்து ஒரு பொண்ணைப் பிடிச்சேன். அது மெட்டை மட்டும் பாடும். சொல்லாதது எதுவும் அதுக்கு வராது. வீட்டுலயும் பாட்டுச் சத்தமே நின்னு போச்சு. வேலை அதிகம் போலிருக்குன்னு விட்டுட்டேன். சொன்னா என்ன, எனக்கும் கம்போசிங்குக்கு அமைதியா இருந்துச்சு. ஆனா மூணாவது வரிங்கதான் ஏனோ சரியா வரல.

படம் பிச்சிக்கிட்டு ஓடுச்சு. பாட்டு அந்தம்மாவுக்குப் போச்சு, குடை எனக்கு வந்துச்சு. அதுக்கப்புறம் வந்த தயாரிப்பாளருங்க எல்லாம் ஆர்மோனியத்தைப் பாக்கல, என் பல்லைப் பாத்தாங்க. நான் மியூசிக் போட்ட படத்துல சாவு சீனு, பின்னாடி ஷெனாய் கதறுது, முன் வரிசையில ஒருத்தன் 'இது நம்ம புண்ணியகோடி போட்டதுடா'ன்னான், தியேட்டரே சிரிச்சுது. நான் அங்க உக்காந்திருந்தேன் தம்பி. அதுக்கப்புறம் மூணே படம். மியூசிக் முடிஞ்சி போச்சு. அதுக்கப்புறம் டீக்கடைக்காரன், பியூன், பொண்டாட்டிக்குப் பயந்த புருஷன், பிணவறை வாட்ச்மேன். இப்ப சீரியல்ல ஒரு மாமனார். ஆடத் தெரியாதவளுக்குக் கூடம் கோணலாம், எனக்கு ஆடத் தெரிஞ்சும் கூடம் கோணலாப் போச்சு.

எட்டு மாசத்துக்கு முன்னாடி இவளுக்குக் குரல் கம்மிச்சு. பனங்கற்கண்டு போட்டுப் பால் குடின்னேன். எனக்கு அப்ப சீரியல்ல நிச்சயதார்த்த எபிசோடு, நாலு வாரம் ஓடுச்சு. அது முடிஞ்சதும் வளைகாப்பு எபிசோடு. அவளும், 'எனக்கு ஒண்ணும் இல்ல, நீங்க போங்க'ன்னா. இந்து கோயமுத்தூர்லேர்ந்து வந்து, அம்மா பேசறதைக் கேட்டுட்டு, செருப்பைக் கூடக் கழட்டாம ஆஸ்பத்திரிக்கு இழுத்துக்கிட்டுப் போனா. டாக்டர் படத்தைப் பாத்துட்டு, 'ஆறு மாசம் முன்னாடி வந்திருந்தா குரலைக் காப்பாத்தியிருக்கலாம்'னாரு. இந்து அன்னையிலேர்ந்து என்கிட்டப் பேசறதில்ல. என் மேல என்ன தப்பு? நான் என்ன டாக்டருக்கா படிச்சேன்?

ஆப்பரேஷன்னு முடிவானதும் தையல் பக்கத்துல உக்காந்து சொன்னேன். 'தையல், அந்தப் பூக்கட்டற பாட்டை ஒரே ஒரு தடவை பாடு, போன்ல பிடிச்சிக்கிறேன்'னு. காலை வேளையில அவளுக்குக் கொஞ்சம் குரல் இருந்துச்சு, கரகரன்னு, ஆனா இருந்துச்சு. தலையை ஆட்டிட்டா. வேணாமாம். கெஞ்சினேன். ஒரு டிவிக்காரன் என்னைப் பத்தி நிகழ்ச்சி பண்றான் தம்பி, 'கலியபெருமாள் நாப்பத்தஞ்சு'ன்னு. 'உங்க வீட்டம்மா குரல்ல அந்தப் பாட்டைப் போட்டு, இது அவங்க கடைசியாப் பாடினதுன்னா, ஜனங்க உடைஞ்சி போயிடுவாங்க சார்'னான். அதையும் அவகிட்ட சொன்னேன். உன் பேரும் வரும்டி, எழுத்துல போடுவாங்கன்னு சொன்னேன். செவுத்துப் பக்கம் திரும்பிப் படுத்துக்கிட்டா. எனக்குக் கோவம் வந்துடுச்சு. 'நாளைக்கு நீயே நினைச்சாலும் முடியாதுடி'ன்னு வார்டுல கத்திட்டேன். பக்கத்துக் கட்டில்காரம்மா என்னை வெளிய போகச் சொன்னாங்க. நான் யாருக்காகக் கத்தினேன்? அவளுக்காகத்தானே?

இங்க பேச்சுப் பயிற்சிக்குன்னு ஒரு பொண்ணு வருது. சின்னப் பொண்ணு, நல்ல மாதிரி. குரல் போறதுக்கு முன்னாடி, தினம் வேணுங்கிற வார்த்தையெல்லாம் அவங்க குரல்லயே போன்ல பதிஞ்சி குடுக்குமாம். அப்புறம் எதைச் சொல்லணுமோ அதை அமுக்கினா, போன் அவங்க குரல்ல பேசும். நான் அந்தப் பொண்ணுகிட்ட ரகசியமாச் சொல்லி வச்சேன், 'அம்மா, வார்த்தையோட வார்த்தையா அந்தப் பாட்டையும் எப்படியாவது வாங்கிடு'ன்னு. 'கேட்டுப் பாக்கறேன் சார்'னுச்சு. நேத்து நாலு மணிக்குத் திரையை இழுத்து விட்டுட்டு உள்ள உக்காந்தாங்க. ஒரு மணி நேரம். என்னை உள்ள விடல. அந்தப் பொண்ணு வெளிய வர்றப்ப கண்ணெல்லாம் செவந்திருந்துச்சு தம்பி. 'பாட்டு வந்துச்சாம்மா'ன்னு கேட்டேன், விறுவிறுன்னு போயிடுச்சு. தண்ணி வேணும், பாத்ரூம் போகணும்னு பதியறதுக்கு யாராவது அழுவாங்களா? பாடியிருக்கா. பாடாம இருக்க மாட்டா.

அட, வெளிச்சம் வந்துடுச்சு பாருங்க. உயிர் வந்துடுச்சு. தம்பி, நீங்களே பாருங்க, எனக்கு இதெல்லாம் தெரியாது, கண்ணும் மங்கல். பூட்டெல்லாம் இல்ல, சும்மா தள்ளினா திறக்கும். நீல நிறத்துல வாய் மாதிரி படம் போட்டிருக்கும்னு அந்தப் பொண்ணு காட்டுச்சு. அதேதான். எத்தனை இருக்கு? நாப்பத்தொண்ணா? பரவாயில்லையே. மேலேர்ந்து வரிசையா அமுக்குங்க. சத்தத்தை ஏத்துங்க.

'தண்ணி.' ஆங், அவதான். 'வலிக்குது.' 'மூச்சு முட்டுது, நர்சைக் கூப்பிடுங்க.' சரி, சரி, மேல போங்க. 'இந்து, சாப்பிட்டியாடி?' பாத்தீங்களா, கரகரப்புக்கு நடுவுல எப்படி ஒரு குழைவு. 'ஜன்னலைத் திறங்க.' 'கீரை ஒரு கட்டு குடும்மா, முத்தல் வேணாம்.' கீரைக்காரம்மாவுக்கெல்லாம் பதிஞ்சிருக்கா பாருங்க. 'ஆட்டோ, சாலிகிராமம் வருமா?' 'குட்டி, பாட்டிக்கு ஒரு முத்தம்.' பேத்திக்கு அது. 'நன்றிங்க டாக்டர்.' 'காஸ் சிலிண்டர் தீந்துடுச்சு.' 'எனக்கு யார் மேலயும் வருத்தமில்ல.' இது எதுக்கு? சரி, அடுத்தது. 'வேண்டாம்.' 'போதும்.' 'தூங்கணும்.'

பாட்டு எங்க? இன்னும் கீழ தள்ளுங்க தம்பி. முடிஞ்சிடுச்சா? நல்லாப் பாருங்க, வேற எங்கயாவது தனியா வச்சிருக்கும். இல்லையா? நாப்பத்தொண்ணுதானா?

சரி. விடுங்க. பாடல. அவ இஷ்டம்.

இருங்க தம்பி, மூடாதீங்க. இதுல என்னைக் கூப்பிடறது எது? 'ஏங்க'ன்னு ஒண்ணு இருக்கணுமே. விட்டுப் போயிருக்கும், மறுபடி மேலேர்ந்து பாருங்க. கீரைக்காரிக்கு இருக்கு, ஆட்டோக்காரனுக்கு இருக்கு. நாளைக்கு வீட்டுக்கு வந்து, நான் முன் ரூம்ல இருக்கேன், அவளுக்கு ஒண்ணு வேணும்னா எதை அமுக்குவா? இல்லையா? நல்லாப் பாத்தீங்களா?

மறந்திருப்பா. பதட்டம். ஆப்பரேஷன்னா யாருக்குத்தான் இருக்காது? மறந்துதான் போயிருப்பா.

தம்பி, புதுசா ஒண்ணு சேக்க முடியுமா இதுல? முடியுமா? அப்ப நானே சொல்லிடறேன். சிரிக்காதீங்க, எனக்குப் பொம்பளைக் குரல் வரும். ஒரு படத்துல முழுக்க மாமியார் குரல்லயே பேசியிருக்கேன். தையல் குரல் எனக்குத் தெரியாதா? நாப்பத்தாறு வருஷம். எங்க அமுக்கணும்? இந்தச் செவப்பா? சரி.

'ஏங்க.'

இல்ல, இது கனமா இருக்கு. அழிச்சிட்டு மறுபடி போடுங்க. 'ஏ...ங்க.' யாரும்மா அங்க சிரிக்கிறது? ஆமாம்மா, புண்ணியகோடிதான். கொஞ்சம் சும்மா இருங்க, பதிவாகுது. இது காமெடி இல்லம்மா.

'ஏங்க.' இல்லையே. இவ்வளவு மேலயும் இல்ல. இழுப்பாளா, வெட்டுன மாதிரி சொல்லுவாளா? தம்பி, ஒரு நிமிஷம் இருங்க. கீரைக்காரிகிட்டப் பேசறது காதுல இருக்கு, இந்துவைக் கேக்கறது இருக்கு. என்னைக் கூப்பிடறது எந்தச் சுருதின்னு வரமாட்டேங்குது. செவப்பை அமுக்கியே வச்சிருங்க, எடுத்துடாதீங்க, இப்ப வந்துடும்.